நாலு பேர்

பாயான் லெப்பாஸில் எங்கள் ஆலைக்கு ஜன்னல் கிடையாது.
இரவு ஏழிலிருந்து காலை ஏழு வரை
நுண்ணோக்கியில் குனிந்து
நகக்கண் அளவுச் சில்லுகளின்
கால்களை எண்ணுகிறேன்.
பதினாறு இருந்தால் பச்சைத் தட்டு.
பதினைந்து என்றால் சிவப்பு.
அந்த ஒன்று எங்கே போனது என்று கேட்பது
என் வேலை இல்லை.

மூன்று மணிக்கு நாற்பது நிமிட ஓய்வு.
மற்றவர்கள் கேண்டீன் மேசையில் கவிழ்ந்து தூங்க
நான் கார் நிறுத்துமிடத்தின் மேல்தளத்துக்கு ஏறுகிறேன்.
பழைய விராவின் பானெட் பனியில் நனைந்திருக்கும்.
மழைக்கோட்டை விரித்து மல்லாந்து படுத்து,
பசார் மாலாமில் தொண்ணூறு வெள்ளிக்கு வாங்கிய
பைனாகுலரைக் கண்ணில் வைக்கிறேன்.

மூச்சைப் பிடித்தால் வியாழன் நிற்கும்.
விட்டால் துள்ளும்.
புள்ளி இல்லை அது, சின்ன வட்டு.
இருபுறமும் நூலில் கோத்த மாதிரி நிலவுகள்.
கோத்தவர் முடிச்சுப் போட மறந்துவிட்டார் போல,
ஒவ்வோர் இரவும் மணிகள்
இடம் மாறிக் கிடக்கின்றன.

அம்மாவுக்கு அது குரு.
பெயர்ச்சிக்கு முப்பது வெள்ளிச் சீட்டு எடுத்து,
மஞ்சள் துணியும் கொண்டைக்கடலை மாலையும் சாத்தி,
‘இந்த வருஷம் உனக்குக் குருபலன் வந்தாச்சு’ என்றாள்.
ஒரு சுற்றுக்குப் பன்னிரண்டு வருடம்.
எனக்கு முப்பத்தெட்டு.
மூன்று முறை என்னைச் சுற்றி வந்தும்
ஒரு மாப்பிள்ளையைக்கூட அழைத்து வரவில்லை.
‘நாலு பேர் என்ன சொல்வாங்க’ என்பாள் அம்மா, ஈயச் சட்டியைத் தேய்த்தபடி.

அந்த நாலு பேரை நான் கண்டுபிடித்துவிட்டேன்.
அயோ. யூரோப்பா. கனிமீடு. கலிஸ்டோ.
ஒன்றுமே சொல்வதில்லை.

இன்றைக்கு மூன்று.

கண்ணாடியைச் சட்டை நுனியில் துடைத்தேன். மூன்று.
சரக்கு விமானம் ஒன்று சக்கரம் விரித்து
தலையை உரசுவதுபோல இறங்கிப் போனது.
அதன் இரைச்சல் அடங்கும்வரை காத்திருந்தேன்.
மூன்றேதான்.
எண்ணிப் பழகிய வலக்கை
பானெட்டில் சிவப்புத் தட்டைத் தேடியது.

தெரியும், ஒன்று பின்னால் போயிருக்கிறது.
இதுவும் தெரியும்:
அங்கிருந்து வெளிச்சம் வந்து சேர
ஏறக்குறைய என் ஓய்வு நேரம் பிடிக்கும்.
அட்டை தேய்த்து நான் வெளியே வரும்போது கிளம்பினால்
திரும்ப அட்டை தேய்க்கும்போது வந்து நிற்கும்.
காணாமல் போனது இந்நேரம் திரும்பியிருக்கலாம்.
செய்திதான் இன்னும் வழியில்.

காவலாளி லோக் பிரசாத் டார்ச்சோடு வந்தார்.
காக்கா என்பார் என்னை. மலாயில் அது அக்கா.
நேப்பாளத்துக்காரர் சொல்லி, தமிழ்க் காதில் விழுந்து,
தினமும் ஒருமுறை நான் பறவையாகிறேன்.
விஷயத்தைச் சொன்னேன்.
டார்ச்சை அணைத்தார். வாங்கிப் பார்த்தார். வெகுநேரம்.
‘திருடு போச்சா?’
இல்லை, மறைவில் இருக்கிறது.
‘எப்போ வெளியே வரும்?’
அதைத்தான் பார்க்க முடியாது, எனக்கு மணி அடித்துவிடும்.
அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்,
லாரி தாமதமானால் பார்ப்பாரே, அப்படி.
பைனாகுலரை அவரிடமே விட்டுவிட்டு
முகமூடி, தொப்பி, கையுறை,
வெள்ளைக்குள் இறங்கினேன்.
பதினாறு. பதினாறு. பதினாறு.

காலை ஏழு பத்து.
பானெட்டில் மழைக்கோட்டு நான்காக மடித்து,
அதன்மேல் பைனாகுலர், மூடிகள் போட்டபடி.
கேட்டில் அவர் இல்லை, ஷிஃப்ட் மாறியிருந்தது.
வருகைப் பதிவேடு திறந்தே கிடந்தது.
லாரி எண்கள், குப்பை வண்டி, தண்ணீர் டாங்கி,
இடையில் பென்சிலில், பிழையான மலாயில்:
4.05. நிலா ஒன்று. உள்ளே.
மொத்தம் நாலு.

சரிபார்த்தவர் கையெழுத்துக் கட்டம்
காலியாக இருந்தது.
பின்னால் ஹாரன் அடித்தார்கள்.
போட்டுவிட்டுத்தான் கிளம்பினேன்.